உஷார்! கேம் டி டிரைவில், உயிர் சி டிரைவில்

சி டிரைவின் பட்டை சிவப்பாகிவிட்டதா? மவுஸிலிருந்து கையை எடுத்துவிட்டு முதலில் இதைப் படியுங்கள்.

பத்து சதவீதத்துக்கும் குறைவாக இடம் மிச்சமிருந்தால் விண்டோஸ் அந்தப் பட்டையைச் சிவப்பாகக் காட்டும். உடனே வீட்டில் இரண்டில் ஒன்று நடக்கும். "அந்த கேமையெல்லாம் முதல்ல தூக்குடா" என்று அப்பா சத்தம் போடுவார். பையன் கேமின் பெயருள்ள ஃபோல்டரைத் தேடிப் பிடித்து, ஷிஃப்டையும் டெலீட்டையும் சேர்த்து அழுத்துவான். இல்லையென்றால் லேப்டாப் சர்வீஸ் கடைக்குப் போகும். "கேமெல்லாம் டி-லதான் இருக்குண்ணா, சி-ய மட்டும் ஃபார்மட் பண்ணுங்க" என்று நாமே தைரியமாகச் சொல்லிவிட்டு வருவோம்.

இரண்டுமே ஆபத்து. இரண்டாவது இன்னும் பெரிய ஆபத்து. டி டிரைவில் இருப்பது கேம் மட்டும்தான். ராத்திரி முழுக்க முழித்துத் தாண்டிய லெவலும், மாசக்கணக்கில் கட்டிய ஊரும், சேர்த்து வைத்த ஆயுதமும் பெரும்பாலும் சி டிரைவில்தான் பதிவாகியிருக்கும். ஃபார்மட் முடிந்து வந்த லேப்டாப்பில் கேமை மறுபடி இணைத்தால் ஜம்மென்று திறக்கும். ஆனால் மெனுவில் 'நியூ கேம்' மட்டும் இருக்கும், 'கன்டினியூ' இருக்காது.

"ரெக்கவரி சாஃப்ட்வேர் இருக்கே" என்று நினைக்க வேண்டாம். பழைய ஹார்ட் டிஸ்க்கில் அதற்கு ஓரளவு வாய்ப்புண்டு. இப்போது வரும் லேப்டாப்களில் இருப்பது எஸ்எஸ்டி. ஃபைலை அழித்ததும் 'டிரிம்' என்ற கட்டளையை விண்டோஸ் எஸ்எஸ்டிக்கு அனுப்பும். எஸ்எஸ்டி அந்த இடத்தைத் துடைத்துத் தயாராக வைத்துவிடும். அதன்பிறகு ரிச்சி தெருவுக்கே தூக்கிக்கொண்டு ஓடினாலும் திரும்பக் கிடைப்பது அபூர்வம்.

ஒரே கேம், மூன்று இடம்

கம்ப்யூட்டரில் ஒரு கேம் மூன்று இடங்களில் குடியிருக்கிறது.

முதலாவது, கேமின் உடம்பு. படம், ஒலி, புரோகிராம் எல்லாம் சேர்ந்த பெரிய ஃபோல்டர் இது. 'பால்டர்ஸ் கேட் 3', 'ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2' இரண்டும் தலா 150 ஜிபி இடம் கேட்பவை. 512 ஜிபி என்று அட்டைப்பெட்டியில் போட்டு விற்கும் எஸ்எஸ்டி, விண்டோஸின் கணக்கில் 476 ஜிபிதான். அதில் விண்டோஸுக்கும் பங்கு போக, இப்படி மூன்று கேம் போட்டால் பட்டை சிவக்காமல் என்ன செய்யும்? ஆனாலும் இந்த உடம்பு போனால் கவலையில்லை. காசு கொடுத்து வாங்கிய கேமை மறுபடி டவுன்லோடு செய்துகொள்ளலாம்.

இரண்டாவது, சேவ் ஃபைல். சில நூறு கேபியிலிருந்து சில எம்பி, மிஞ்சினால் சில ஜிபி. அளவில் சுண்டைக்காய்தான், ஆனால் உங்கள் உழைப்பு மொத்தமும் இதில் இருக்கிறது. போனால் எந்தக் கடையிலும் வாங்க முடியாது.

மூன்றாவது, லாஞ்சர் வைத்திருக்கும் பதிவு. ஸ்டீம், எபிக் போன்றவை எந்த கேம் எந்த டிரைவில் இருக்கிறது என்று தனியாகக் குறித்து வைத்துக்கொள்ளும். ஃபோல்டரைக் கையால் அழித்தால் இந்தக் குறிப்பு அழியாது. ஆள் ஊரைவிட்டே போன பிறகும் வாக்காளர் பட்டியலில் பெயர் இருப்பது மாதிரி, லாஞ்சரில் கேம் 'இன்ஸ்டால்டு' என்றே நிற்கும். பிளே கொடுத்தால் எர்ரர். சரிசெய்கிறேன் பேர்வழி என்று 'வெரிஃபை' கொடுத்தால் மொத்த கேமையும் மறுபடி இறக்க ஆரம்பிக்கும். 150 ஜிபி என்பது 100 எம்பிபிஎஸ் பிராட்பேண்டில் மூன்றரை மணி நேர வேலை. தினம் 2 ஜிபி மொபைல் டேட்டாவை நம்பியிருக்கும் வீட்டில் 75 நாள்!

பெரிய கம்பெனிகளே கோட்டைவிட்ட கதை

"ஒரு ஃபோல்டரை அழிச்சா என்ன ஆயிடப்போகுது?" என்று கேட்பவர்களுக்கு நான்கு நிஜச் சம்பவங்கள். நான்கிலும் தப்பு செய்தது விளையாடியவர் அல்ல, கேம் கம்பெனி.

1998 டிசம்பரில் பங்கி நிறுவனம் 'மித் 2: சோல்பிளைட்டர்' என்ற கேமை வெளியிட்டது. பின்னாளில் 'ஹேலோ'வால் உலகப் புகழ் பெற்ற அதே பங்கிதான். கேமை நீக்கும் புரோகிராம், கேம் எந்த ஃபோல்டரில் இருக்கிறதோ அந்த ஃபோல்டரையே மொத்தமாக அழிக்கும்படி எழுதப்பட்டிருந்தது. அதற்கென்று தனி ஃபோல்டர் இல்லாமல் நேராக டிரைவின் வாசலிலேயே இன்ஸ்டால் செய்திருந்தால்? டிரைவே காலி. விஷயம் தெரிந்ததும், கடைக்குப் போன பிரதிகளை பங்கி திரும்பப் பெற்றது.

2001-ல் வந்த 'பூல் ஆஃப் ரேடியன்ஸ்: ரூயின்ஸ் ஆஃப் மித் டிரானர்' இன்னொன்று. ஆரம்பத்தில் வந்த பதிப்பை அன்இன்ஸ்டால் செய்தால், விண்டோஸுக்கு அவசியமான சிஸ்டம் ஃபைல்களையும் அது கூடவே இழுத்துக்கொண்டு போனது.

2007 டிசம்பரில் ஐஸ்லாந்தின் சிசிபி நிறுவனம் 'ஈவ் ஆன்லைன்' கேமுக்கு 'டிரினிட்டி' என்ற அப்டேட்டைக் கொடுத்தது. அந்த கேமின் ஃபோல்டருக்குள் 'பூட்.ஐஎன்ஐ' என்ற பெயரில் ஒரு ஃபைல் இருந்தது. விண்டோஸ் எக்ஸ்பியில் கம்ப்யூட்டரைக் கிளப்பிவிடும் ஃபைலின் பெயரும் அதேதான். அது இருப்பது சி டிரைவின் வாசலில். அப்டேட் அழிக்க வேண்டியது கேமுக்குள் இருந்ததை. ஆனால் கட்டளையில் பெயருக்கு முன்னால் ஒரு சாய்கோடு கூடுதலாக விழுந்துவிட்டது. அந்த ஒற்றைக் கோட்டுக்கு 'டிரைவின் வாசலில் போய்த் தேடு' என்று அர்த்தம். போய்த் தேடியது, அழித்தது. அடுத்த முறை ஆன் செய்தபோது பலருடைய கம்ப்யூட்டர் எழுந்திருக்கவில்லை.

நாலாவதுதான் நம் விஷயத்துக்கு ரொம்பப் பக்கத்தில் வருகிறது. 2015 ஜனவரி. லினக்ஸில் ஸ்டீம் வைத்திருந்த ஒருவர், ஸ்டீம் ஃபோல்டரை வேறு டிரைவுக்கு மாற்றிவிட்டு, பழைய இடத்தில் ஒரு இணைப்பை மட்டும் வைத்தார். ஸ்டீமின் ஸ்கிரிப்டில் 'ஸ்டீம் இருக்கும் ஃபோல்டர், அதற்குப் பின் ஒரு சாய்கோடு, அதற்குள் இருக்கும் எல்லாவற்றையும் அழி' என்று ஒரு வரி இருந்தது. ஃபோல்டர் நகர்ந்ததால் ஸ்கிரிப்டுக்கு இடம் தெரியவில்லை. ஃபோல்டர் பெயர் இருக்க வேண்டிய இடம் வெறுமையாகிவிட்டது. மிஞ்சியது சாய்கோடு. லினக்ஸில் வெறும் சாய்கோடு என்றால் மொத்த கம்ப்யூட்டர்! அவருடைய ஃபைல்கள் எல்லாம் போயின. பேக்கப்புக்காகச் செருகியிருந்த டிரைவில் இருந்தவையும் போயின. இதில் வேடிக்கை, அந்த வரிக்கு மேலேயே 'பயமா இருக்கு' என்ற பொருளில் ஆங்கிலத்தில் ஒரு குறிப்பு எழுதப்பட்டிருந்தது. பயந்தவர், அங்கே ஒரு பாதுகாப்பைப் போட்டுவைக்கவில்லை.

இந்த ஓட்டைகள் எல்லாம் எப்போதோ அடைக்கப்பட்டுவிட்டன. பாடம் மட்டும் அப்படியே இருக்கிறது: டிரைவின் வாசலில் எதையும் இன்ஸ்டால் செய்யாதீர்கள்; ஒவ்வொரு கேமுக்கும் தனி ஃபோல்டர் வேண்டும்; அந்த ஃபோல்டருக்குள் உங்கள் போட்டோவையோ, காலேஜ் புராஜெக்டையோ வைக்கவே கூடாது.

கேம் எங்கே இருக்கிறது? ஊகிக்காதீர்கள், கேளுங்கள்

டெஸ்க்டாப்பில் இருக்கும் ஐகான் கேம் இல்லை, வெறும் வழிகாட்டிப் பலகை. அதை அழித்தால் ஒரு எம்பிகூட மிச்சமாகாது. சாதாரண ஐகான் என்றால் ரைட் கிளிக் செய்து 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' கொடுத்தால் வழி காட்டும். ஸ்டீம் போடும் ஐகான் இன்டர்நெட் முகவரி வகையைச் சேர்ந்தது. அதில் இந்த வித்தை பலிக்காது.

ஸ்டீமில் கேமின் பெயர்மேல் ரைட் கிளிக், 'மேனேஜ்', 'பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்'. நேராக அந்த ஃபோல்டர் திறக்கும். வழக்கமான இடம்: சி டிரைவ், புரோகிராம் ஃபைல்ஸ் எக்ஸ்86, ஸ்டீம், ஸ்டீம்ஆப்ஸ், காமன். எபிக் கேம்கள் புரோகிராம் ஃபைல்ஸுக்குள் 'எபிக் கேம்ஸ்' ஃபோல்டரில் இருக்கும். வாலரன்ட் ஆடுபவர்கள் சி டிரைவில் 'ரயட் கேம்ஸ்' என்று பாருங்கள். கேம் பாஸ் வழியாக வந்தவை 'எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ்' ஃபோல்டரில் இருக்கும்.

எதிலும் பிடிபடவில்லையா? கேமை ஓடவிட்டு, ஆல்ட்-டேப் அடித்து வெளியே வந்து, டாஸ்க் மேனேஜரைத் திறங்கள். 'டீட்டெய்ல்ஸ்' பக்கத்தில் கேமின் பெயர்மேல் ரைட் கிளிக் செய்து 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' கொடுங்கள். ஓடிக்கொண்டிருக்கும் கேம் தன் இருப்பிடத்தை மறைக்க முடியாது. எந்த ஃபோல்டர் எவ்வளவு இடத்தைத் தின்கிறது என்று பார்க்க 'விண்டிர்ஸ்டாட்' போன்ற இலவசப் புரோகிராம்கள் உண்டு. பார்ப்பதற்கு மட்டும் அதைப் பயன்படுத்துங்கள். அதற்குள்ளிருந்தே அழிக்கவும் முடியும் என்பதுதான் அதில் உள்ள ஆபத்து.

இரண்டு இடங்களில் கூடுதல் எச்சரிக்கை தேவை.

ஒன்று, புரோகிராம் ஃபைல்ஸுக்குள் ஒளிந்திருக்கும் 'விண்டோஸ்ஆப்ஸ்' ஃபோல்டர். ஸ்டோரிலிருந்து வந்தவை அங்கேதான் இருக்கின்றன. உங்கள் கால்குலேட்டர்கூட அங்கேதான். திறக்கப் போனால் அனுமதியில்லை என்று விண்டோஸ் தடுக்கும். உரிமையை உங்கள் பெயருக்கு மாற்றிக்கொள்ளும் வழியை யாராவது வீடியோவில் சொல்லிக் கொடுத்தால் நம்பாதீர்கள். அந்தப் பூட்டை உடைத்தால் ஸ்டோர் ஆப்கள் ஒவ்வொன்றாக மக்கர் செய்யத் தொடங்கும்.

இரண்டு, வாலரன்ட்டோடு வரும் 'வேன்கார்ட்'. ஏமாற்று ஆட்டத்தைப் பிடிக்கும் இந்தக் காவலாளி தனி ஃபோல்டரில் உட்கார்ந்து, விண்டோஸ் கிளம்பும்போதே கூடவே கிளம்புகிறது. கேமை நீக்கினாலும் இது இருக்கும். செட்டிங்ஸில் 'இன்ஸ்டால்டு ஆப்ஸ்' பட்டியலுக்குப் போய் தனியாக அன்இன்ஸ்டால் செய்யுங்கள். ஃபோல்டரைப் பிடித்து இழுக்காதீர்கள்.

சேவ் ஃபைலின் ஒளிவிடங்கள்

பெரும்பாலான கேம்கள் சி டிரைவில் உங்கள் யூசர் பெயருள்ள ஃபோல்டருக்குள்தான் சேவை வைக்கின்றன. கேமை எந்த டிரைவில் போட்டாலும் இது மாறாது.

ஜிடிஏ 5 'டாக்குமென்ட்ஸ்' ஃபோல்டரில், 'ராக்ஸ்டார் கேம்ஸ்' என்பதற்குள் வைக்கும். நம் ஊர்ப் பையன்கள் தலைமுறையாக ஆடும் வைஸ் சிட்டியும் சான் ஆண்ட்ரியாஸும் அதே டாக்குமென்ட்ஸில் 'யூசர் ஃபைல்ஸ்' என்று முடியும் ஃபோல்டரில் வைக்கும். சைபர்பங்க் 2077-க்கு 'சேவ்டு கேம்ஸ்' ஃபோல்டர். எல்டன் ரிங்கும் ஸ்டார்டியூ வேலியும் 'ஆப்டேட்டா' என்ற மறைவான ஃபோல்டருக்குள் 'ரோமிங்' பகுதியில் இருக்கும். எக்ஸ்புளோரரில் 'வியூ' மெனுவுக்குப் போய் 'ஹிட்டன் ஐட்டம்ஸ்' டிக் செய்தால்தான் அது கண்ணுக்கே தெரியும்.

விதிவிலக்குகள்தான் ஆளைக் கவிழ்க்கும். யூபிசாஃப்ட் கேம்களின் சேவ் பலவும் அந்த லாஞ்சரின் ஃபோல்டருக்குள்ளேயே 'சேவ்கேம்ஸ்' என்ற பெயரில் இருக்கின்றன. "லாஞ்சர் மக்கர் பண்ணுது, மொத்தமா அழிச்சிட்டுப் புதுசா போடலாம்" என்று கிளம்பினால் சேவும் கூடவே போகும். ஸ்டீமிலும் 'யூசர்டேட்டா' என்ற ஃபோல்டர் ஸ்டீமுக்குள்ளேயே இருக்கிறது. ஸ்டீமையே அன்இன்ஸ்டால் செய்தால், அதற்குள் இன்ஸ்டால் ஆன கேம்களும் சேர்ந்து நீங்கும். இது ஸ்டீமே சொல்லும் எச்சரிக்கை. பத்து கேம் வைத்திருப்பவருக்கு ஒரே கிளிக்கில் பத்தும் போச்சு.

ரொம்பப் பழைய கேம்கள் தங்கள் ஃபோல்டருக்குள்ளேயே சேவ் எழுதும். விஸ்டா காலத்திலிருந்து புரோகிராம் ஃபைல்ஸுக்குள் அப்படிக் கண்டபடி எழுத விண்டோஸ் விடுவதில்லை. 'விர்ச்சுவல்ஸ்டோர்' என்ற இன்னொரு மறைவிடத்துக்குத் திருப்பிவிடும். கேம் ஃபோல்டரில் சேவைக் காணோம் என்றால், ஆப்டேட்டாவில் 'லோக்கல்' பகுதிக்குள் இந்தப் பெயரைத் தேடுங்கள்.

வீட்டில் சின்னப் பிள்ளைகள் இருந்தால் மைன்கிராஃப்டைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். ஜாவா பதிப்பின் உலகங்கள் ஆப்டேட்டாவின் ரோமிங்கில், '.மைன்கிராஃப்ட்' ஃபோல்டருக்குள் 'சேவ்ஸ்' என்பதில் இருக்கும். கேமை நீக்கினாலும் பொதுவாக அவை தங்கும். ஆனால் சி டிரைவை ஃபார்மட் செய்தால் தங்காது. கிளவுடிலும் தானாக ஏறியிருக்காது. ஸ்டோரிலிருந்து வந்த பெட்ராக் பதிப்பு பல ஆண்டுகளாக அந்த ஆப்பின் சொந்தப் பெட்டிக்குள்ளேயே உலகங்களை வைத்து வந்தது. அப்படிப்பட்ட ஆப்பை அன்இன்ஸ்டால் செய்தால் பெட்டியோடு போய்விடும். கேம் திறக்கவில்லை என்று நீக்கிவிட்டுத் திரும்பப் போட்ட அம்மாவுக்கு, பிள்ளை ஏன் இப்படி அழுகிறது என்றே புரியாது. முதலில் கேமுக்குள் உலகத்தின் பெயருக்குப் பக்கத்தில் இருக்கும் பென்சிலைத் தட்டி 'எக்ஸ்போர்ட் வேர்ல்டு' கொடுத்து, ஒரு காப்பியை வெளியே எடுத்து வையுங்கள்.

கிளவுடில் இருக்கிறதே என்று தூங்காதீர்கள்

எல்லா கேமுக்கும் கிளவுட் சேவ் கிடையாது. இருப்பதிலும் ஒரு கண்ணி உண்டு. இரண்டு கம்ப்யூட்டரில் ஆடினால் ஒருநாள் ஸ்டீம் உங்களிடம் கேட்கும்: இந்த மெஷினில் உள்ள சேவ் வேண்டுமா, கிளவுடில் உள்ளது வேண்டுமா? அவசரத்தில் மாற்றிக் கொடுத்தால், புதிதாக இன்ஸ்டால் செய்த கேமின் வெற்று சேவ் போய், கிளவுடில் இருந்த நூறு மணி நேர ஆட்டத்தின்மேல் உட்கார்ந்துவிடும். அந்தப் பெட்டியில் தேதியும் நேரமும் போட்டிருக்கும். அதைப் பார்க்காமல் தொடாதீர்கள்.

ஒன்டிரைவ் இன்னொரு தலைவலி. பல புதிய லேப்டாப்களில் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டர் ஒன்டிரைவுக்குள் போய் உட்கார்ந்திருக்கும். இலவச அளவு 5 ஜிபிதான். நிறைந்தால் ஏற்றுவது நின்றுவிடும். எரிச்சலில் ஒன்டிரைவ் பேக்கப்பை நிறுத்தினால் டாக்குமென்ட்ஸ் திடீரென்று காலியாகத் தெரியும். பதறாதீர்கள், ஃபைல்கள் ஒன்டிரைவ் ஃபோல்டருக்குள் இருக்கின்றன. அந்தப் பதற்றத்தில் கண்டதையும் அழிப்பதுதான் ஆபத்து.

டாக்குமென்ட்ஸையே டி டிரைவுக்கு மாற்றுவதிலும் பழைய தழும்பு ஒன்று உண்டு. 2018 அக்டோபரில் வந்த விண்டோஸ் 10 அப்டேட்டை மைக்ரோசாஃப்ட் சில நாளிலேயே நிறுத்தி வைத்தது. டாக்குமென்ட்ஸை வேறு இடத்துக்குத் திருப்பிவிட்டு, பழைய இடத்திலும் ஃபைல்களை விட்டுவைத்திருந்த சிலருக்கு, அந்தப் பழைய ஃபோல்டரை அப்டேட் துடைத்துவிட்டது. கோளாறைச் சரிசெய்து நவம்பரில்தான் மறுபடி விட்டார்கள். மாற்றுவதென்றால் ப்ராப்பர்ட்டீஸில் 'லொகேஷன்' பக்கம் போய் 'மூவ்' கொடுங்கள். எல்லா ஃபைலையும் கொண்டுபோகட்டுமா என்று கேட்டால் ஆமாம் சொல்லுங்கள். பாதி இங்கே பாதி அங்கே என்று விடாதீர்கள்.

இடம் மாற்ற வேண்டுமா? கட் - பேஸ்ட் வேண்டாம்

ஸ்டீமில் முதலில் செட்டிங்ஸில் 'ஸ்டோரேஜ்' போய் டி டிரைவைச் சேருங்கள். பிறகு கேமின் ப்ராப்பர்ட்டீஸில் 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்', 'மூவ் இன்ஸ்டால் ஃபோல்டர்'. பதிவையும் அதுவே மாற்றிக்கொள்ளும். எக்ஸ்பாக்ஸ் கேம் என்றால் விண்டோஸ் செட்டிங்ஸின் ஆப்ஸ் பட்டியலிலேயே 'மூவ்' இருக்கிறது. நகரும்போது கரண்ட் போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள். லேப்டாப் என்றால் சார்ஜரைச் செருகிவிட்டு ஆரம்பியுங்கள்.

வெளி ஹார்ட் டிஸ்க்கில் கேம் வைத்திருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. இன்று 'இ' என்று வந்த டிரைவ், நாளை ஒரு பென் டிரைவ் முந்திக்கொண்டால் 'எஃப்' ஆகிவிடும். லாஞ்சர் பழைய எழுத்திலேயே தேடி, கேம் இல்லை என்று சொல்லி 'இன்ஸ்டால்' பட்டனைக் காட்டும். அழுத்தினால் மறுபடி அந்த 75 நாள் கதைதான். 'டிஸ்க் மேனேஜ்மென்ட்' போய் டிரைவுக்குப் பழைய எழுத்தையே திருப்பிக் கொடுத்தால் கேம் தானாகத் தெரியும்.

'ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணுங்க' என்றால் ஓடுங்கள்

ஓசியில் கிடைக்கும் 'கிராக்' கேம்களோடு ஒரு குறிப்பு வரும்: இந்த ஃபோல்டரை விண்டோஸின் ஆன்டிவைரஸான டிஃபெண்டரின் விலக்குப் பட்டியலில் சேருங்கள். சேர்த்த பிறகு அந்த ஃபோல்டருக்குள் என்ன நுழைந்தாலும் டிஃபெண்டர் கண்டுகொள்ளாது. சிலர் சோம்பல்பட்டு டி டிரைவ் முழுவதையும் சேர்த்துவிடுகிறார்கள். 2024 டிசம்பர் கடைசியில் 'பீம்என்ஜி', 'கேரீஸ் மாட்' போன்ற கேம்களின் திருட்டுப் பிரதிகள் வழியாக கிரிப்டோ காசு தோண்டும் புரோகிராமை இறக்கிய கும்பலை காஸ்பர்ஸ்கி நிறுவனம் பின்னர் அம்பலப்படுத்தியது.

ஸ்டீமுக்குள்ளேயேகூட 2025 பிப்ரவரியில் 'பைரேட்ஃபை' என்ற இலவச கேம் பாஸ்வேர்டு திருடும் வைரஸோடு புகுந்துவிட்டது. ஸ்டீம் அதைத் தூக்கிவிட்டு, அதை ஆடியவர்களுக்கு எச்சரிக்கை அனுப்பியது. கம்ப்யூட்டரை முழுதாக ஃபார்மட் செய்வதையும் யோசியுங்கள் என்றது. காரணம் எளிது: கேம் ஃபோல்டர் போனாலும், உள்ளே வந்தது வேறெங்கோ ஒட்டிக்கொண்டிருக்கலாம். உங்கள் விலக்குப் பட்டியலை இன்றே திறந்து பார்த்து, அடையாளம் தெரியாததையெல்லாம் எடுத்துவிடுங்கள்.

வரிசை முக்கியம்

சிவப்புப் பட்டையைப் பார்த்தால் இந்த வரிசையில் போங்கள்.

1. கேமின் சேவ் எங்கே என்று கண்டுபிடித்து, பென் டிரைவில் ஒரு காப்பி எடுங்கள்.

2. அந்தக் காப்பியைத் திறந்து, உள்ளே ஃபைல் இருக்கிறதா, தேதி சரியா என்று பாருங்கள்.

3. லாஞ்சர் வழியாகவோ, செட்டிங்ஸின் ஆப்ஸ் பட்டியல் வழியாகவோ மட்டும் அன்இன்ஸ்டால் செய்யுங்கள்.

4. அதன்பிறகும் வெற்று ஃபோல்டர் ஏதாவது மிஞ்சினால், உள்ளே பார்த்துவிட்டு அழியுங்கள். ஷிஃப்ட் வேண்டாம்; ரீசைக்கிள் பின்னில் ஒரு வாரம் கிடக்கட்டும்.

5. சர்வீஸ் கடைக்குக் கொடுப்பதானால், சி-ஐ மட்டும் ஃபார்மட் பண்ணுங்கள் என்று சொல்வதற்கு முன் டாக்குமென்ட்ஸ், சேவ்டு கேம்ஸ், ஆப்டேட்டா மூன்றையும் முழுதாக வெளியே எடுத்துவிடுங்கள். கடைக்காரர் எடுத்து வைப்பார் என்று நம்பாதீர்கள். டாக்குமென்ட்ஸை அவர் கேட்பார், ஆப்டேட்டாவைக் கேட்க மாட்டார்.

கேமை எப்போது வேண்டுமானாலும் இறக்கிக்கொள்ளலாம். சேவை இறக்க எந்த இணையதளமும் இல்லை. அதனால் முதல் இரண்டு படிகளை முடிக்காமல் மூன்றாவதுக்குப் போகாதீர்கள்.